வீட்டில் பங்கு பிரித்தாயிற்று, கெரானில் (நிலப் பட்டாவில்) பெயர் மாறியதா? பினாங்கு, கோலாலம்பூர் குடும்பங்களுக்கு ஒரு வழிகாட்டி

பெரியவர் காலமாகிறார். காரியமெல்லாம் முடிந்த பிறகு பிள்ளைகள் கூடிப் பேசி, "பட்டர்வொர்த் வீடு தம்பிக்கு, நிபோங் திபால் நிலம் மற்ற மூன்று பேருக்கும்" என்று முடிவு செய்கிறார்கள். சில வீடுகளில் அதை ஒரு தாளில் எழுதி, எல்லாரும் கையெழுத்துப் போட்டு, பீரோவில் வைத்தும் விடுகிறார்கள். அத்தோடு விஷயம் முடிந்தது என்று நினைத்துக்கொள்வதுதான் நம்மவர்களிடம் பரவலாக உள்ள பழக்கம்.

அந்தத் தாளால் நிலம் கைமாறுவதில்லை. 1966 ஜனவரி 1 முதல் நடப்பில் இருக்கும் தேசிய நிலச் சட்டப்படி, நில அலுவலகப் பதிவேட்டில் யார் பெயர் இருக்கிறதோ அவர்தான் உரிமையாளர். குடும்பத்துக்குள் எவ்வளவு ஒற்றுமை இருந்தாலும், பதிவேட்டில் அப்பா பெயர் இருக்கும்வரை அந்த வீட்டை விற்க முடியாது, வங்கியில் அடமானம் வைக்க முடியாது, பிள்ளை பெயருக்கு எழுதி வைக்கவும் முடியாது.

தள்ளிப்போட்டால் என்ன ஆகும் என்பதையும் சொல்லிவிடுகிறேன். நிலவரி கட்டாமல் விட்டால் நில அலுவலகம் போராங் (படிவம்) 6ஏ என்ற நோட்டீஸை அனுப்பும். அதில் கொடுக்கப்படும் கெடு மூன்று மாதம். அதற்குள் கட்டாவிட்டால் நிலத்தை அரசு பறிமுதல் செய்யச் சட்டத்தில் இடமிருக்கிறது. அந்த நோட்டீஸ் இறந்தவர் பெயரில், பதிவேட்டில் இருக்கும் பழைய முகவரிக்குத்தான் போகும். அப்பா நிலம் வாங்கியபோது குடியிருந்த எஸ்டேட் லயத்துக்கு இன்றைக்குத் தபால்காரர் போனால் அங்கே யார் இருப்பார்கள்? இன்னொன்று, வாரிசுகளில் ஒருவர் இடையில் இறந்துவிட்டால் அவர் மனைவி மக்களும் இந்தக் கணக்குக்குள் வந்துவிடுவார்கள். நான்கு பேர் கையெழுத்தில் முடிந்திருக்க வேண்டியது பதினான்கு பேருக்குப் போய் நிற்கும்.

முதலில் பதிவேட்டைப் பாருங்கள்

கையில் இருக்கும் கெரான் நகலை நம்பி எதையும் தொடங்காதீர்கள். நில அலுவலகத்தில் கட்டணம் கட்டி, "காரியான் ரஸ்மி" எனப்படும் அதிகாரப்பூர்வத் தேடல் சான்றை எடுங்கள். "காரியான் பெர்செண்டிரியான்" என்ற தனியார் தேடலும் உண்டு. சும்மா தெரிந்துகொள்ள அது போதும், மனுவோடு இணைக்க அதிகாரப்பூர்வமானதுதான் வேண்டும்.

எந்த அலுவலகம் என்பதில் பலர் தடுமாறுவார்கள். நிலம் மாநில விவகாரம் என்பதால், நீங்கள் எங்கே குடியிருக்கிறீர்கள் என்பது பொருட்டல்ல, நிலம் எங்கே இருக்கிறது என்பதே கணக்கு. கோலாலம்பூர் நிலத்துக்குக் கூட்டரசுப் பிரதேச நில, சுரங்க இயக்குநர் அலுவலகம். பெட்டாலிங் ஜெயா, கிள்ளான், காஜாங் எல்லாம் சிலாங்கூர், அவற்றைத் தேடிக் கோலாலம்பூர் கவுண்டரில் வரிசை பிடித்துப் பயனில்லை. பினாங்கில் தீவுப் பக்கம் தீமோர் லாவுட், பாராட் டாயா என்று இரண்டு மாவட்டம். பெருநிலப் பக்கம் செபராங் பிறை ஊத்தாரா, தெங்கா, செலாத்தான் என்று மூன்று. பட்டாவின் தலைப்பில் வெறும் "கெரான்" அல்லது "பஜாக்கான் நெகிரி" என்று இருந்தால் அது மாநிலப் பதிவகப் பட்டா, கொம்தார் கட்டடத்தில் உள்ள மாநில நில, சுரங்க அலுவலகத்தின் பொறுப்பு. "கெரான் முக்கிம்", "பஜாக்கான் முக்கிம்" என்றால் மாவட்ட நில அலுவலகப் பட்டா. கவுண்டரில் கேட்கும் முதல் கேள்வியே இதுவாகத்தான் இருக்கும்.

தேடல் சான்று கைக்கு வந்ததும் பெயரை மட்டும் பார்த்துவிட்டு மடித்து வைக்காதீர்கள். முதலில் உரிமையாளர் பெயருக்குப் பக்கத்தில் இருக்கும் பங்கைப் பாருங்கள். "1/1 பஹாகியான்" என்றால் முழு நிலமும் அவருடையது. "1/2" என்றால் பாதிதான் அவருடையது, மீதிப் பாதி யாருடையது என்றும் அங்கேயே இருக்கும். அப்பா வீடு என்று நினைத்திருந்தது அப்பாவும் பெரியப்பாவும் சேர்ந்து வாங்கியது என்று பிள்ளைகளுக்குத் தெரியவருவது பல வீடுகளில் இந்தக் கட்டத்தில்தான். அடுத்து "செக்காத்தான் கெப்பெந்திங்கான்" என்ற வரி. மாநில அரசின் அனுமதி இல்லாமல் பெயர் மாற்றக்கூடாது என்ற கட்டுப்பாடு இருந்தால் அங்கே எழுதியிருக்கும். குத்தகை நிலங்களில் இது சகஜம். அப்புறம், கீழே கடன் பதிவோ, கைமாற்றத்தைத் தடுக்கும் கேவியட் பதிவோ இருக்கிறதா பாருங்கள். வங்கிக் கடன் எப்போதோ கட்டி முடிந்திருக்கும், ஆனால் அடமான நீக்கத்துக்கான போராங் 16என் பதிவாகாமல் கிடக்கும். அப்படியென்றால் வங்கியிலிருந்து அதை வாங்கிப் பதிந்துவிடுங்கள். மூலக் கெரானும் அநேகமாக அந்த வங்கியிடமேதான் இருக்கும்.

பினாங்கில் பழைய குடும்பங்களின் கையில் வெள்ளைக்காரன் காலத்து ஆங்கிலப் பத்திரங்கள் இருப்பதுண்டு. 1966-க்கு முன் பினாங்கிலும் மலாக்காவிலும் பத்திர முறை நடந்தது. பிறகு தனிச் சட்டம் வழியாக அவை பதிவேட்டு முறைக்கு மாற்றப்பட்டன. ஆகவே அந்தப் பத்திரம் எவ்வளவு அழகாக இருந்தாலும், இன்றைய பதிவேட்டில் என்ன இருக்கிறது என்பதைத் தேடித்தான் ஆக வேண்டும். அதேபோல, தீவிலும் பட்டர்வொர்த்திலும் தரைவாடகை கட்டி அடுத்தவர் நிலத்தில் வீடு எழுப்பிய குடும்பங்கள் நிறைய. அந்த வீட்டைப் பிள்ளைகள் எப்படிப் பிரித்துக்கொண்டாலும், நிலப் பதிவேட்டில் மாற்ற அவர்களுக்கு ஒன்றுமில்லை.

அடுக்குமாடி வீடானால் ஸ்த்ராத்தா பட்டா, அதாவது அந்த ஒரு வீட்டுக்கான தனிப் பட்டா, வெளிவந்துவிட்டதா என்று பாருங்கள். வந்திருந்தால் நில அலுவலகம். வராவிட்டால் உரிமை இன்னும் விற்பனை ஒப்பந்தத்தின் பெயரில்தான் நிற்கிறது. மனுவில் அந்த ஒப்பந்தத்தை இணைக்க வேண்டும், உத்தரவு கிடைத்த பிறகு மேம்பாட்டாளரிடம் போக வேண்டும்.

எந்த வழி உங்களுக்கு?

உரிமையாளர் உயிரோடு இருந்து, அவரே பிள்ளைகளுக்குப் பிரித்துக் கொடுக்க நினைத்தால் போராங் 14ஏ-வில் பெயர் மாற்றம் செய்யலாம். லாயர் அல்லது நில அதிகாரி போன்ற சட்டம் அனுமதித்த ஒருவர் முன்னிலையில் கையெழுத்திட வேண்டும். பெற்றோர் பிள்ளைக்குக் கொடுத்தால், பெறுபவர் மலேசியக் குடிமகனாக இருக்கும் பட்சத்தில், 2023 ஏப்ரல் 1 முதல் முதல் 10 லட்சம் வெள்ளி (ரிங்கிட்) மதிப்புக்கு முத்திரை வரி கிடையாது, அதற்கு மேல் பாதி வரி. தாத்தா பாட்டி பேரப்பிள்ளைக்குக் கொடுத்தாலும் இதே சலுகைதான். கணவன் மனைவிக்குள் என்றால் முழு விலக்கு.

உரிமையாளர் உயில் எழுதாமல் இறந்து, சொத்தில் நிலமோ வீடோ இருந்து, எல்லாம் சேர்த்து மதிப்பு 50 லட்சம் வெள்ளிக்குள் இருந்தால் நீதிமன்றம் போக வேண்டியதில்லை. 1955-ஆம் ஆண்டின் சிறிய மரபுச்சொத்துப் பங்கீட்டுச் சட்டத்தின் கீழ் "பூசாக்கா கெச்சில்" மனு போடலாம். இந்த வரம்பு முன்பு 20 லட்சமாக இருந்தது, 2024-இல் உயர்ந்தது. "அப்பா வீடு இன்றைக்கு 20 லட்சத்துக்கு மேல் போகும், கோர்ட்டுக்குத்தான் போகணும்" என்று பழைய கணக்கில் இன்னும் சொல்பவர்கள் உண்டு, கேட்டுக்கொண்டு உட்காராதீர்கள்.

உயில் இருந்தாலோ, மதிப்பு அந்த வரம்பைத் தாண்டினாலோ உயர் நீதிமன்றம்தான். அதற்கு லாயர் தேவை. இரண்டு வழியில் என் ஓட்டு முடிந்தவரை பூசாக்கா கெச்சிலுக்கே. செலவு மிகக் குறைவு, படிவத்தைக் குடும்பத்தாரே நிரப்பலாம், விசாரணையில் அதிகாரியோடு நேரில் பேசலாம்.

யாருக்கு எவ்வளவு?

முஸ்லிம் அல்லாதவர்களுக்கு 1958-ஆம் ஆண்டின் பங்கீட்டுச் சட்டம் பொருந்தும். தமிழ் முஸ்லிம் குடும்பங்களுக்கு ஃபராயிட் என்ற இஸ்லாமியப் பங்கீட்டு முறை. முதலாவதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன், தகராறு பெரும்பாலும் இங்கேதான் பிறக்கிறது.

மகனும் மகளும் சமம். சீர் செய்து கட்டிக்கொடுத்த பெண்ணுக்குப் பங்கில்லை, மூத்தவனுக்கு ஒரு பங்கு கூடுதல், கடைசிப் பிள்ளைக்குத்தான் வீடு என்ற பேச்செல்லாம் குடும்பத்தார் மனமொத்துச் செய்துகொள்ளலாம், சட்டத்துக்கு அவை தெரியாது.

இப்போது 6 லட்சம் வெள்ளி மதிப்புள்ள ஒரு வீடு. இறந்தவருக்கு மனைவி, நான்கு பிள்ளைகள். அவருடைய பெற்றோர் அவருக்கு முன்பே போய்விட்டார்கள். அப்படியென்றால் மனைவிக்கு மூன்றில் ஒரு பங்கு, 2 லட்சம். மீதி 4 லட்சம் நான்கு பிள்ளைகளுக்கும் சமமாக, தலைக்கு ஒரு லட்சம்.

அதே வீடு, ஆனால் அவர் இறந்தபோது அவருடைய அம்மா உயிரோடு இருந்தார் என்று வையுங்கள். கணக்கு மாறிவிடும். மனைவிக்குக் கால் பங்கு, பிள்ளைகளுக்கு எல்லாம் சேர்த்து அரைப் பங்கு, அம்மாவுக்குக் கால் பங்கு. அதாவது பாட்டிக்கு ஒன்றரை லட்சம், பேரப்பிள்ளைகளுக்குத் தலைக்கு 75,000. பாட்டிக்குப் பங்கு உண்டு என்பதே பல வீடுகளில் யாருக்கும் தோன்றுவதில்லை. சரி, பாட்டியும் இரண்டு வருடம் கழித்துப் போய்விட்டார், உயிலும் இல்லை. அந்தக் கால் பங்கு என்ன ஆகும்? அது பாட்டியின் சொத்து. பாட்டியின் மற்ற பிள்ளைகளான சித்தப்பா, அத்தை எல்லாருக்கும் அதில் பங்கு உண்டு. இறந்துபோன மகனுக்கு வர வேண்டியது அவன் பிள்ளைகளுக்கு வரும். இப்போது அப்பா வீட்டை அம்மா பெயருக்கு மாற்ற, ஈப்போவில் இருக்கும் அத்தையும் கையெழுத்துப் போட வேண்டும். அத்தை நல்லவராக இருந்தால் கையெழுத்து வரும். அத்தையோடு பத்து வருடமாகப் பேச்சு இல்லையென்றால் இந்த வீட்டுக் கெரானுக்காகவாவது பேசியாக வேண்டும். அதனால்தான் மனுப் போடுமுன் ஒரு தாளில் குடும்ப மரம் வரைந்து, ஒவ்வொரு பெயருக்குப் பக்கத்திலும் இறந்த தேதியை எழுதுங்கள் என்று சொல்வேன். யார் முதலில் போனார், யார் பிறகு போனார் என்ற வரிசைதான் பங்கை முடிவு செய்கிறது.

இன்னும் இரண்டு இடத்தில் கவனம். 1982 மார்ச் 1-க்குப் பிறகு நடந்த திருமணம், கோயிலில் தாலி கட்டியதோடு சரி, பதிவு இல்லை என்றால், மனைவியின் பங்கு மட்டுமல்ல, பிள்ளைகளின் உரிமையும் கேள்விக்குள்ளாகலாம். இந்த நிலையில் இருப்பவர்கள் மனுவுக்கு முன்பே லாயரைப் பார்ப்பது நல்லது. வளர்ப்புப் பிள்ளை விஷயமும் அப்படித்தான். நீதிமன்றத்தின் வழி முறைப்படி தத்தெடுத்திருந்தால் சொந்தப் பிள்ளைக்கு நிகர். தத்துப் பதிவு மட்டும் செய்திருந்தால் சட்டப்படி வாரிசுரிமை வராது. ஆசையாய் வளர்த்த பிள்ளைக்கு ஏதாவது சேர வேண்டுமென்றால் பெரியவர் இருக்கும்போதே உயில் எழுத வேண்டும்.

தாள்களைச் சேர்ப்பது

இறப்புச் சான்றிதழ், தேடல் சான்று, கெரான் நகல், நடப்பு ஆண்டு நிலவரி ரசீது, வாரிசுகள் எல்லாருடைய அடையாள அட்டை, பிறப்புச் சான்றிதழ், திருமணச் சான்றிதழ். வாரிசுகளில் யாராவது இறந்திருந்தால் அவர்களின் இறப்புச் சான்றிதழும். அப்பாவுக்கு வங்கிக் கணக்கு, பங்குகள், கார், மோட்டார் சைக்கிள் ஏதாவது இருந்தால் அவற்றின் தாள்களையும் சேருங்கள். நிலத்தோடு இவற்றையும் ஒரே மனுவில் காட்டலாம். விட்டுவிட்டால் பிறகு தனி மனு போட வேண்டியிருக்கும்.

நம் மக்களுக்குத் தலைவலி தருவது பெயரின் எழுத்து. கெரானில் ஒரு மாதிரி, அடையாள அட்டையில் ஒரு மாதிரி, பிள்ளையின் பிறப்புச் சான்றிதழில் அப்பா பெயர் இன்னொரு மாதிரி. முத்துசாமி என்ற ஒரு பெயரையே அந்தக் காலத்துக் கிராணிகள் எத்தனை விதமாக எழுதியிருக்கிறார்கள்! ஒன்றில் "டி" மட்டும், ஒன்றில் கூடவே "ஹெச்", கடைசியில் ஓர் இடத்தில் "ஒய்", வேறிடத்தில் "ஐ". ஒன்றில் "எஸ்/ஓ", இன்னொன்றில் "ஏ/எல்", இரண்டுக்கும் பொருள் "மகன்" என்பதுதான். பழைய கெரானில் அடையாள அட்டை எண்ணே இருக்காது, அல்லது பழைய எண் இருக்கும். அதிகாரி கேட்பது ஒரே கேள்விதான்: இரண்டும் ஒரே ஆள் என்பதற்கு என்ன ஆதாரம்? சத்தியப் பிரமாணம் செய்து கொடுக்கும் தாள் ஒன்று, பழைய, புதிய எண்கள் இரண்டும் உள்ள பதிவு ஏதாவது இருந்தால் அது, நிலம் வாங்கிய காலத்துத் தாள் என்று கையில் இருப்பதையெல்லாம் சேர்த்துக் கொண்டுபோங்கள். இந்தக் குறையை விசாரணை நாளில் கண்டுபிடித்தால் விசாரணை தள்ளிப்போகும். முன்பே ஒரு நாள் எல்லாத் தாளையும் மேசையில் பரப்பி, பெயர்களை எழுத்தெழுத்தாக ஒப்பிட்டுப் பாருங்கள்.

மூலக் கெரான் தொலைந்திருந்தால் போலீஸ் புகாரும் சத்தியப் பிரமாணமும் கொடுத்து மாற்றுப் பட்டாவுக்கு விண்ணப்பிக்கலாம். அரசிதழில் அறிவிப்பு வர வேண்டியிருப்பதால் காலம் பிடிக்கும், முதல் வேலையாக இதைத் தொடங்குங்கள்.

மனுவும் விசாரணையும்

மனுவுக்கான படிவம் போராங் ஏ. மனைவி, பிள்ளை என்று வாரிசுகளில் யார் வேண்டுமானாலும் போடலாம். இதைக் கவனிப்பது நில, சுரங்கத் துறையின் மரபுச்சொத்துப் பங்கீட்டுப் பிரிவு. அதிக மதிப்புள்ள நிலம் எந்த மாவட்டத்தில் இருக்கிறதோ அந்த மாவட்டத்துக்குரிய பிரிவில் மனு போக வேண்டும். ஈடாப் என்ற இணையத் தளத்தின் வழியும் போடலாம். இறந்தவர் பெயரில் இதற்கு முன்பே யாராவது மனு போட்டு உத்தரவு வாங்கியிருந்தால் இது தொடர் மனு, அதற்குத் தனிப் படிவம். அந்த உத்தரவின் நகலைத் தேடி எடுத்துக்கொண்டு போங்கள்.

மனு ஏற்றுக்கொள்ளப்பட்டதும் விசாரணைத் தேதி குறித்து எல்லா வாரிசுக்கும் நோட்டீஸ் வரும். எல்லாரும் நேரில் வருவது நல்லது. சிங்கப்பூரிலோ லண்டனிலோ இருப்பவர் வர முடியாவிட்டால் சம்மதக் கடிதம் அனுப்பலாம், ஆனால் சும்மா கையெழுத்துப் போட்டு வாட்ஸ்அப்பில் அனுப்பினால் செல்லாது. மலேசியத் தூதரகத்திலோ நோட்டரி முன்னிலையிலோ ஒப்பமிட்டு, மூலத்தாளை அனுப்ப வேண்டும். எந்த மாதிரி படிவம் என்பதை மனுப் போடும்போதே கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள்.

விசாரணை என்றதும் கோர்ட் கூண்டு மாதிரி நினைத்துப் பெரியவர்கள் பயப்படுவார்கள். ஓர் அறை, ஓர் அதிகாரி, எதிரே குடும்பம், அவ்வளவுதான். வாரிசுகள் யார், வேறு மனைவி பிள்ளை உண்டா, கடன் உண்டா, எப்படிப் பிரிக்க ஒப்புகிறீர்கள் என்று அதிகாரி மலாயில் கேட்பார். எல்லாருடைய ஒப்புதலும் பதிவாகும். அம்மாவுக்கு மலாய் சரியாக வராவிட்டால் முதலிலேயே சொல்லிவிடுங்கள், புரியாமல் தலையாட்ட விடாதீர்கள். அம்மா தன் பங்கை விட்டுக்கொடுப்பதாகச் சொல்லும் இடத்தில், அதன் பிறகு வீடு தன் பெயரில் இருக்காது, மகன் விற்றால் தடுக்க முடியாது என்பது அவருக்கு உண்மையிலேயே தெரியுமா என்று பிள்ளைகள்தான் பார்த்துக்கொள்ள வேண்டும். வயதான அம்மாவின் பெயரில் ஒரு பங்காவது இருக்கட்டும் என்பது என் கருத்து. சட்டம் கேட்கவில்லை, நான்தான் கேட்கிறேன்.

எல்லாரும் ஒப்புக்கொண்டால் சட்டக் கணக்கை விட்டு வேறு மாதிரியும் பிரிக்கலாம். ஒருவர் வீட்டை எடுத்துக்கொண்டு மற்றவர்களுக்குப் பணம் தருவதாக இருந்தால், அதையும் எழுத்தில் கொண்டுவாருங்கள். "அண்ணன் தராமலா போய்விடுவார்" என்று விட்ட பணம்தான் பிறகு கல்யாண வீட்டில் சண்டையாக வெடிக்கிறது. ஒப்புதல் வராவிட்டால் அதிகாரி சட்டப்படியான பங்கில் உத்தரவு போடுவார்.

உத்தரவு போராங் இ என்ற படிவத்தில் வரும். ஒப்பாதவர் உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்ய 14 நாள் அவகாசம் உண்டு.

விட்டுக்கொடுப்பதானால் பெயர் ஏறுவதற்கு முன்

இந்தக் கட்டுரையில் ஒன்றை மட்டும் நினைவில் வைப்பதானால் இதை வையுங்கள். நான்கு பிள்ளைகள், 6 லட்சம் வெள்ளி வீடு, அம்மா அப்பா இருவரும் இல்லை. மூன்று பேர் தங்கள் பங்கைத் தம்பிக்கே கொடுத்துவிட நினைக்கிறார்கள். அதை இப்போதே, பங்கீட்டின்போதே செய்ய வேண்டும். உயர் நீதிமன்ற வழியிலும்கூட, 2024 ஜனவரி 1 முதல், ஒரு வாரிசு தன் உரிமையைத் துறந்து இன்னொரு வாரிசுக்கு விட்டுக்கொடுக்கும் பெயர் மாற்றத்துக்கு முத்திரை வரி வெறும் 10 வெள்ளி.

மாறாக, "முதலில் நாலு பேர் பெயரும் ஏறட்டும், அப்புறம் மாற்றிக்கொள்ளலாம்" என்று விட்டால், பின்னால் நடப்பது உடன்பிறந்தவர்களுக்கு இடையிலான சாதாரணப் பெயர் மாற்றம். பெற்றோர் பிள்ளைக்கு உள்ள சலுகை அண்ணன் தம்பிக்கு இல்லை. முதல் ஒரு லட்சத்துக்கு 1 விழுக்காடு, அடுத்த 4 லட்சத்துக்கு 2, அடுத்த 5 லட்சத்துக்கு 3, அதற்கு மேல் 4 என்ற முழு வரி விழும். ஒன்றரை லட்சம் வெள்ளி மதிப்புள்ள ஒரு கால் பங்குக்கு 2,000 வெள்ளி. அதுவும் அன்றைய சந்தை மதிப்பில் கணக்கிடுவார்கள். நிலம் கைக்கு வந்து ஐந்து ஆண்டுக்குள் கைமாற்றினால் அசையாச் சொத்து ஆதாய வரியும் வரக்கூடும். குடிமக்களுக்கு ஆறாம் ஆண்டிலிருந்து அந்த வரி இல்லை, ஆனால் எல்எச்டிஎன் என்ற உள்நாட்டு வருமான வரி வாரியத்துக்கு 60 நாளுக்குள் அறிவிக்க வேண்டும்.

பதிவேட்டில் ஏற்றுவது

போராங் இ கைக்கு வந்ததும் வேலை முடிந்தது என்று வீட்டுக்குப் போய்விடுபவர்கள் எண்ணிக்கை ஆச்சரியப்படுத்தும். அது உத்தரவு மட்டுமே. மூலக் கெரானையும் கட்டிய நிலவரி ரசீதையும் சேர்த்து, அந்தப் பட்டாவுக்குரிய பதிவகத்தில் கொடுத்துப் பதிய வேண்டும். இதற்கு போராங் 14ஏ தேவையில்லை. நிலம் இரண்டு மாவட்டத்தில் இருந்தால் இரண்டு இடத்திலும் பதிய வேண்டும். பட்டர்வொர்த் வீட்டில் பெயர் மாறியதால் நிபோங் திபால் நிலத்திலும் தானாக மாறிவிடாது. பதிவு எண் உள்ள ரசீதைப் பத்திரமாக வைத்துக்கொண்டு, சில வாரம் கழித்து மறுபடி ஒரு தேடல் எடுத்துப் பாருங்கள்.

நீதிமன்ற வழியில் போனவர்களுக்கு இங்கே ஒரு படி கூடுதல். நிர்வாகியாக நியமிக்கப்பட்டவர் முதலில் தன் பெயரைப் பிரதிநிதியாகப் பதிவார், பட்டாவில் "செபகாய் வாகில்" என்று இருக்கும். பிறகு போராங் 14ஏ வழியாக வாரிசுகளுக்கு மாற்றுவார். மூத்த அண்ணன் பெயர் வந்துவிட்டதைப் பார்த்து அண்ணனும் தன் வீடு என்று நினைப்பதுண்டு, தம்பிகளும் வீடு போய்விட்டது என்று அழுவதுண்டு. இரண்டும் தவறு. பிரதிநிதி என்றால் மற்றவர்களுக்காக வைத்திருப்பவர். அவர் மாற்றிக்கொடுக்காமல் இழுத்தடித்தால் வாரிசுகள் போராங் 19பி-யில் தனியார் கேவியட் போட்டு, விற்பனையைத் தடுத்து வைக்கலாம். அது ஆறு ஆண்டு நிற்கும்.

கூட்டாகப் பெயர் ஏறிய நிலத்தில் ஒவ்வொருவரும் தன் பங்கை மற்றவர் சம்மதமின்றி விற்கவும் அடமானம் வைக்கவும் சட்டம் இடம் கொடுக்கிறது என்பதை மறக்க வேண்டாம். முன்பின் தெரியாத ஒருவர் உங்கள் அம்மா வீட்டில் கால் பங்குக்காரராக வந்து நிற்கலாம். மூலக் கெரான் ஒன்றுதான் வரும். யார் வைத்துக்கொள்வது என்பதை முடிவு செய்து, மற்றவர்கள் நகல் எடுத்துக்கொள்ளுங்கள்.

தனித்தனிக் கெரான் வேண்டுமென்றால் அது "பெச்சா பஹாகியான்" என்ற வேறு விண்ணப்பம். உரிமம் பெற்ற நில அளவையாளர் வேண்டும், நகராண்மைக் கழகத்தின் திட்ட அனுமதி வேண்டும், ஒவ்வொரு துண்டுக்கும் பாதை வேண்டும். விவசாய நிலமானால் ஒவ்வொரு துண்டும் ஐந்தில் இரண்டு ஹெக்டருக்கு, ஏறக்குறைய ஓர் ஏக்கருக்குக் குறையக்கூடாது. ஆகவே செபராங் பிறையில் இரண்டு ஏக்கர் பழத்தோட்டத்தை மூன்று பேருக்கு மூன்று கெரானாகப் பிரிக்க முடியாது. வரிசை வீட்டுக்கு இந்தப் பேச்சே வேண்டாம்.

இடைத்தரகர்கள் விஷயத்தில் ஒரே ஒரு வார்த்தை. "எல்லாம் நான் பார்த்துக்கிறேன் மாமா" என்று வருபவரிடம் மூலக் கெரானையும் அடையாள அட்டை நகலையும், வெற்றுப் படிவத்தில் போட்ட கையெழுத்தையும் கொடுக்காதீர்கள்.

பெயர் மாறிய பின்

நில அலுவலகத்தில் மாறிய பெயர் மற்ற இடங்களுக்குத் தானாகப் போய்ச் சேராது. வீட்டு மதிப்பீட்டு வரியைக் கோலாலம்பூரில் டிபிகேஎல், தீவில் எம்பிபிபி, செபராங் பிறையில் எம்பிஎஸ்பி ஆகிய மாநகர் மன்றங்கள் வசூலிக்கின்றன. புதிய தேடல் சான்றைக் காட்டி அங்கே பெயர் மாற்றுங்கள். நில அலுவலகத்திலேயே கடித முகவரியையும் மாற்றச் சொல்லுங்கள், நிலவரி பில்லும் 6ஏ நோட்டீஸும் அந்த முகவரிக்குத்தான் போகும். நிலவரியின் கடைசி நாள் மே 31, கூட்டு உரிமையில் யார் கட்டுவது என்பதை முதல் ஆண்டிலேயே பேசி வைத்துக்கொள்ளுங்கள். அடுக்குமாடியானால் பராமரிப்புக் கட்டணக் கணக்கு நிர்வாகக் குழுவிடம் இருக்கும். மின்சாரம், தண்ணீர், கழிவுநீர்க் கணக்குகளில் இறந்தவர் கட்டிய முன்பணம் இருக்கலாம். கணக்கை மாற்றும்போது அதையும் கேட்டு வாங்குங்கள். வீட்டுத் தீக்காப்புறுதி இன்னும் அப்பா பெயரில் இருந்தால், அடுத்த பிரிமியம் கட்டுமுன் அதையும் மாற்றிவிடுங்கள்.